வெளிநாட்டில் மருத்துவம், இந்தியாவில் டாக்டர்: சேரும் தேதி முதல் பதிவு எண் வரை

பிள்ளை வெளிநாட்டில் மருத்துவம் முடித்துத் திரும்பப் போகிறான் என்று சொல்லும் பெற்றோர் என்னிடம் கேட்கும் முதல் கேள்வி, "எஃப்.எம்.ஜி.இ. மிகவும் கடினமாமே?" என்பதுதான். வெளிநாட்டு மருத்துவப் பட்டத்துடன் வருபவர்கள் இங்கே எழுத வேண்டிய தகுதித் தேர்வு அது. பதிலுக்கு நான், "அங்கே எந்தத் தேதியில் சேர்ந்தான்?" என்று கேட்பேன். எதிர்முனையில் கொஞ்சம் மௌனம். பிறகு, "அதை அந்த ஏஜென்ட்டிடம்தான் கேட்க வேண்டும்" என்று இழுப்பார்கள். எனக்குக் கவலை அங்கேதான் தொடங்கும்.

எஃப்.எம்.ஜி.இ. கடினமான தேர்வுதான். எழுதுபவர்களில் பெரும்பாலோர் ஒவ்வொரு முறையும் தோற்கிறார்கள். ஆனால் தோற்றவர் ஆறு மாதத்தில் மறுபடி எழுதலாம். எத்தனை முறை என்பதற்கு வரம்பு கிடையாது. சேர்ந்த தேதியை மறுபடி எழுத முடியுமா? நீட் தேறாமல் விமானம் ஏறியதை, இரண்டாம் ஆண்டில் கல்லூரி மாறியதை, 48 மாதத்தில் முடிந்துவிட்ட படிப்பை? திரும்பி வருபவரின் தகுதி பெரும்பாலும் அவர் புறப்பட்ட நாளிலேயே முடிவாகிவிடுகிறது. அதனால் இந்த வழிகாட்டியைப் புறப்படும் நாளிலிருந்தே தொடங்குகிறேன். ஏற்கெனவே படித்துக்கொண்டிருப்பவர்களும் முதல் மூன்று படிகளைத் தாண்டிப் போக வேண்டாம். எங்கே ஓட்டை இருக்கிறது என்று இப்போதே தெரிந்துகொள்வது நல்லது.

படி 1: உங்களுக்கு எந்த விதி?

இரண்டு விதித் தொகுப்புகள் இருக்கின்றன. 2001-இல் பழைய இந்திய மருத்துவக் கவுன்சில் சட்டம் திருத்தப்பட்டு, வெளிநாட்டுப் பட்டத்துடன் வருபவர்களுக்குத் தகுதித் தேர்வு கட்டாயமானது. அதற்கான விதிமுறைகள் 2002-இல் வந்தன. அந்தக் கவுன்சில் கலைக்கப்பட்டு, 2020 செப்டம்பரில் தேசிய மருத்துவ ஆணையம் வந்தது. ஆணையம் 2021 நவம்பர் 18 அன்று வெளிநாட்டு மருத்துவப் பட்டதாரிகளுக்கான உரிம விதிமுறைகளை அறிவித்தது.

அந்தத் தேதிதான் எல்லைக்கோடு. அதற்கு முன்பே பட்டம் வாங்கியவர்களுக்கும், அன்று படித்துக்கொண்டிருந்தவர்களுக்கும் பழைய விதி. பிறகு சேர்ந்தவர்களுக்குப் புதிய விதி. இனி சேரப் போகும் எவருக்கும் புதிய விதிதான் என்பதால் கீழே அதையே விரிவாகச் சொல்கிறேன். எல்லைக்கோட்டை ஒட்டிச் சேர்ந்தவர்கள் சேர்க்கைக் கடிதம், விசா, முதல் முறை அந்த நாட்டில் இறங்கியதற்கான பாஸ்போர்ட் முத்திரை ஆகிய மூன்றையும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். மூன்றிலும் மூன்று தேதி இருந்தால், எதை நம்புவது என்ற கேள்வியை, உங்களை டாக்டராகப் பதிவு செய்யும் மாநில மருத்துவக் கவுன்சிலின் மேஜையில் சந்திப்பீர்கள்.

படி 2: புறப்படும் முன் நீட்

வெளிநாட்டில் மருத்துவம் படிக்கப் போகும் இந்தியர்களுக்கும் 2018 முதல் நீட் கட்டாயம். எழுதினால் போதாது, தேற வேண்டும்: பொதுப் பிரிவினருக்கு 50-ஆவது பெர்சென்டைல், எஸ்.சி., எஸ்.டி., ஓ.பி.சி. பிரிவினருக்கு 40. வெளிநாட்டுச் சேர்க்கையைப் பொறுத்தவரை நீட் மதிப்பெண் மூன்று ஆண்டுகள் செல்லும். இந்த நிபந்தனையை எதிர்த்த வழக்குகளை உச்ச நீதிமன்றம் 2025 பிப்ரவரியில் தள்ளுபடி செய்துவிட்டது. ஆகவே, "அங்கே போய்ச் சேர்ந்துவிடுங்கள், நீட்டை அடுத்த ஆண்டு லீவில் வந்து எழுதிக்கொள்ளலாம்" என்று யாராவது சொன்னால், அவருக்குக் கமிஷன் வேண்டும் என்பதைத் தவிர அதில் வேறு பொருள் இல்லை.

பிளஸ் 2-வில் இயற்பியல், வேதியியல், உயிரியல், ஆங்கிலம் படித்திருக்க வேண்டும். முதல் மூன்றிலும் சேர்த்துப் பொதுப் பிரிவினருக்கு 50 விழுக்காடு, இட ஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 40 விழுக்காடு மதிப்பெண் தேவை. சேரும் ஆண்டின் டிசம்பர் 31-க்குள் 17 வயது நிறைந்திருக்க வேண்டும். நீட் மதிப்பெண் அட்டையை அச்செடுத்து, சான்றொப்பமும் பெற்று வைத்துவிடுங்கள். ஆறு ஆண்டு கழித்து அந்த இணையப் பக்கம் திறக்கும் என்று நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம்.

படி 3: கல்லூரியை அளப்பது

"தேசிய மருத்துவ ஆணையம் அங்கீகரித்த வெளிநாட்டுக் கல்லூரி" என்று விளம்பரம் கண்டால் அந்தப் பக்கத்தைப் புரட்டிவிடுங்கள். அப்படி ஒரு பட்டியலை ஆணையம் வெளியிடுவதில்லை. உலக மருத்துவக் கல்லூரிகள் அடைவில் பெயர் இருக்கிறது என்பதும் அங்கீகாரம் ஆகாது. அது ஒரு விவரத் தொகுப்பு. ஆணையம் எப்போதாவது எச்சரிக்கை அறிவிப்பு வெளியிடும். 2025-இல் பெலிஸ், உஸ்பெகிஸ்தான் நாடுகளில் சில கல்லூரிகளைப் பெயர் சொல்லியே எச்சரித்தது. பெயர் சொல்லப்படாத கல்லூரி நல்ல கல்லூரி என்று அதற்குப் பொருள் கொள்ள முடியாது. அளவுகோல் விதிமுறையில் இருக்கிறது. அளக்க வேண்டியவர் நீங்கள்தான்.

முதல் அளவு, மாதம். படிப்பு குறைந்தது 54 மாதம். அதற்கு மேல், அதே கல்லூரியில் 12 மாத இன்டர்ன்ஷிப். கூட்டினால் 66 மாதம், அதாவது ஐந்தரை ஆண்டு. "ஐந்து ஆண்டுப் படிப்பு, இன்டர்ன்ஷிப் உட்பட" என்று கல்லூரிக் கையேட்டில் அழகான எழுத்தில் போட்டிருப்பார்கள். 60-இல் 12-ஐக் கழித்தால் 48. ஆறு மாதம் குறைகிறது. அந்தக் கல்லூரி உலகத் தரத்தில் இருந்தாலும் உங்களுக்குப் பயனில்லை. பிலிப்பைன்ஸில் போய்ப் படித்தவர்களுக்கு நேர்ந்தது இதுதான். அங்கே முதலில் பி.எஸ். என்று ஒரு முன்படிப்பு, பிறகு நான்காண்டு எம்.டி. என்பது நடைமுறை. முன்படிப்பு மருத்துவப் படிப்பாகக் கணக்கில் வராது. எஞ்சிய 48 மாதம் போதாது.

ஒரு காகிதத்தில் இதைப் போட்டுப் பாருங்கள். 2022 அக்டோபர் 10 அன்று வகுப்பு தொடங்கியது என்றால் 54 மாதம் 2027 ஏப்ரல் 9 அன்று நிறைகிறது. ஆனால் அக்டோபரில் தொடங்கியது மொழிப் பயிற்சி வகுப்பு, மருத்துவப் பாடம் தொடங்கியதோ 2023 ஜூன் 10 என்று மதிப்பெண் பட்டியலில் இருந்தால், கணக்கு 2027 டிசம்பர் 9-க்குப் போய்விடுகிறது. பட்டத்தில் 2027 ஜூன் என்று அச்சாகியிருந்தால் முதல் கணக்கில் தேறுவீர்கள். இரண்டாவது கணக்கில் மாட்டீர்கள். ஏஜென்ட் இரண்டையும் "அக்டோபர் பேட்ச்" என்றுதான் சொல்வார்.

இரண்டாவது, பயிற்று மொழி. ஆங்கிலம்தான். சீனாவில் ஆங்கில வழியில் வெளிநாட்டவருக்கு மருத்துவம் நடத்த அந்நாட்டுக் கல்வி அமைச்சகம் 45 கல்லூரிகளைப் பட்டியலிட்டிருந்தது. பட்டியலுக்கு வெளியே இருமொழிப் பாடம் நடத்தும் கல்லூரிகளில் சேர்ந்தவர்கள் உண்டு. ரஷ்யா, மத்திய ஆசிய நாடுகளில் வகுப்பு ஆங்கிலத்தில் நடக்கும், வார்டில் நோயாளி உள்ளூர் மொழியில்தான் பேசுவார். ஆகவே அந்த மொழியையும் கற்றுக்கொள்ளுங்கள். விதி கேட்பது பயிற்று மொழியை. வயிற்று வலி எங்கே என்று கேட்க உங்களுக்கு வேண்டியது வேறு மொழி.

மூன்றாவது, ஒரே கல்லூரி. படிப்பு, மருத்துவமனைப் பயிற்சி, இன்டர்ன்ஷிப் எல்லாம் தொடக்கம் முதல் முடிவு வரை ஒரே வெளிநாட்டுக் கல்லூரியில் நடக்க வேண்டும். எந்தப் பகுதியையும் இந்தியாவிலோ மூன்றாவது நாட்டிலோ முடிக்கக் கூடாது. "இங்கே பிடிக்கவில்லை, பக்கத்து நாட்டுக்கு மாறிக்கொள்ளலாம்" என்பது புதிய விதியில் கிடையாது. கொரோனா, உக்ரைன் போர் காரணமாகத் திரும்பியவர்களுக்கு ஆணையமும் நீதிமன்றமும் தனித்தனியாகச் சலுகை கொடுத்தன. அவை அந்தக் காலத்தில் சிக்கியவர்களுக்கு மட்டும்; புதிதாகச் சேர்பவர் அவற்றை முன்னுதாரணமாக நினைக்க வேண்டாம்.

நான்காவது, அந்த நாட்டு உரிமம். ஏஜென்ட்டுகள் வாயே திறக்காத பகுதி இது. உங்கள் பட்டத்தை வைத்து, அந்த நாட்டுக் குடிமகனுக்கு இணையாக, அங்கேயே மருத்துவம் பார்க்க நீங்கள் தகுதி பெற்றவராக இருக்க வேண்டும். அந்நாட்டு ஒழுங்குமுறை அமைப்பில் பதிவோ, உரிமம் பெறும் தகுதியோ வேண்டும். வெளிநாட்டவருக்கென்றே கட்டணம் வாங்கிக்கொண்டு, உள்ளூரில் செல்லாத பட்டம் கொடுக்கும் கல்லூரிகளை வடிகட்டத்தான் இந்த விதி. சில நாடுகளில் பட்டம் வாங்கிய பிறகு தனித் தேர்வு உண்டு. ரஷ்யாவில் முதன்மை அக்ரெடிட்டேஷன் என்று ஒன்று இருக்கிறது. சீனாவில் உரிமத் தேர்வு. சேரும் முன் கல்லூரியிடம் எழுத்தில் கேளுங்கள்: "இந்தப் படிப்பை முடித்த உள்ளூர் மாணவருக்கு நீங்கள் தரும் பட்டமும் எனக்குத் தரும் பட்டமும் ஒன்றா? எனக்கு இங்கே உரிமம் கிடைக்குமா? எந்த அலுவலகம் தரும்?" மூன்றாவது கேள்விக்கு ஓர் அலுவலகத்தின் பெயர் பதிலாக வர வேண்டும். வராவிட்டால் வேறு கல்லூரி பாருங்கள்.

பொது மருத்துவம், அறுவைச் சிகிச்சை, மகப்பேறு, குழந்தை மருத்துவம், மனநலம் உள்ளிட்ட கட்டாயப் பாடங்களின் பட்டியல் விதிமுறையின் இணைப்பில் இருக்கிறது. கல்லூரிப் பாடத்திட்டத்தோடு வரிக்கு வரி ஒப்பிட்டுக்கொள்ளுங்கள். சேர்ந்த நாளிலிருந்து 10 ஆண்டுக்குள் எல்லாம் முடிய வேண்டும் என்பதும் விதி.

படி 4: அங்கே இருக்கும்போது சேர்க்க வேண்டிய காகிதம்

பட்டம் வாங்கிய பிறகு காகிதம் சேர்க்கத் தொடங்குபவர்கள் தூதரக வாசலில் விமான டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு நிற்பார்கள். ஒவ்வோர் ஆண்டு முடிவிலும் மதிப்பெண் பட்டியலை வாங்கிவிடுங்கள். இன்டர்ன்ஷிப் சான்றில் தொடங்கிய தேதி, முடிந்த தேதி, எந்த மருத்துவமனை, எந்தத் துறையில் எத்தனை வாரம் என்று தனியாக இருக்க வேண்டும். பட்டத்திலேயே அது அடங்கிவிட்டது என்று கல்லூரி சொன்னால், அதையே கடிதமாக எழுதி வாங்குங்கள்.

பட்டத்துக்கும் மதிப்பெண் பட்டியலுக்கும் அந்த நாட்டிலேயே அப்போஸ்டில் முத்திரை, அதாவது ஆவணம் உண்மையானது என்று பிற நாடுகள் ஏற்கும் அரசுச் சான்று, பெற வேண்டும். அப்போஸ்டில் உடன்படிக்கையில் இல்லாத நாடு என்றால் அங்குள்ள இந்தியத் தூதரகத்தின் சான்றொப்பம். இந்தியா வந்த பிறகு இங்கே எந்த அலுவலகத்திலும் இதைச் செய்ய முடியாது. காகிதம் திரும்பக் கடல் கடக்க வேண்டும்.

பாஸ்போர்ட் பழையதானால் அதைத் தூக்கிப் போடாதீர்கள். கவுன்சிலில் சரிபார்ப்பவர் உங்கள் மதிப்பெண் பட்டியலை ஒரு பக்கமும், குடியேற்ற முத்திரைகளை மறுபக்கமும் வைத்துத்தான் பார்ப்பார். மூன்றாம் ஆண்டு முழுவதும் வார்டில் இருந்ததாகச் சான்று சொல்லும். முத்திரையோ அந்த ஆண்டில் ஏழு மாதம் நீங்கள் இந்தியாவில் இருந்ததாகச் சொல்லும். அப்படி இங்கிருந்தபடி ஆன்லைனில் படித்த காலத்தைப் பின்னர் நேரில் ஈடுசெய்ததற்குக் கல்லூரியின் சான்று இல்லாதவர்களுக்கு, இங்கே செய்ய வேண்டிய இன்டர்ன்ஷிப்பே ஓராண்டுக்கு மேல் நீண்டிருக்கிறது.

இனி பெயர். நம் ஊர்ப் பிள்ளைகளுக்கே உரிய தலைவலி இது. பத்தாம் வகுப்புச் சான்றிதழில் "செ. கார்த்திகேயன்". நீட் விண்ணப்பத்தில் இனிஷியல் பின்னால் போய் "கார்த்திகேயன் செ." பாஸ்போர்ட்டில் இனிஷியல் விரிந்து "கார்த்திகேயன் செல்வராஜ்". வெளிநாட்டுக் கல்லூரி அதை ரஷ்ய எழுத்தில் எழுதி, அங்கிருந்து மறுபடி ஆங்கில எழுத்துக்குக் கொண்டுவந்து பட்டத்தில் அச்சடிக்கும்போது "செல்வராட்ஜ் கார்டிகெயான்". அப்பா பெயர் பிள்ளை பெயராகிவிட்டது, பிள்ளை யாரோ ஒருவராகிவிட்டான். நான்கு காகிதத்திலும் இருப்பவர் ஒருவரே என்று நிரூபிக்கும் பொறுப்பு அவனுடையது. இப்படி ஒரு பிள்ளைக்காக நோட்டரி, பிரமாணப் பத்திரம், கல்லூரிக் கடிதம் என்று நான்கு மாதம் அலைந்தது எனக்கு நினைவிருக்கிறது. சேரும் முதல் வாரத்திலேயே, பாஸ்போர்ட்டில் உள்ளபடி எழுத்துக்கு எழுத்து பெயர் எழுதப்பட்டிருக்கிறதா என்று கல்லூரிப் பதிவேட்டைப் பார்த்துத் திருத்திக்கொண்டால் பத்து நிமிட வேலை.

படி 5: எஃப்.எம்.ஜி.இ.

தேசிய மருத்துவ அறிவியல் தேர்வு வாரியம் ஆண்டுக்கு இருமுறை, ஜூன், டிசம்பர் பருவங்களில் இதை நடத்துகிறது. இந்தியக் குடிமக்களும் வெளிநாட்டு இந்தியக் குடியுரிமை அட்டை வைத்திருப்பவர்களும் எழுதலாம். ஒவ்வொரு பருவத்துக்கும் ஒரு கெடு தேதி உண்டு. அதற்குள் உங்கள் இறுதித் தேர்வு முடிவு வெளியாகியிருக்க வேண்டும். தகுதிச் சான்றுக்கான விண்ணப்பங்களை ஆணையம் தனியாகக் கெடு வைத்துப் பெறுகிறது. இரண்டு கெடுவையும் நாட்காட்டியில் குறித்துவிடுங்கள். ஒன்றைத் தவறவிட்டால் ஆறு மாதம் போகும்.

ஒரே நாளில் இரண்டு பகுதி. ஒவ்வொன்றிலும் 150 கேள்வி, இரண்டரை மணி நேரம். கணினியில் நான்கு விடைகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். 300-க்கு 150 எடுத்தால் தேர்ச்சி. தவறான விடைக்கு மதிப்பெண் கழிக்கப்படுவதில்லை. ஆகவே ஒரு கேள்வியையும் காலியாக விடுவதற்கு நியாயமில்லை. மறுமதிப்பீடு கிடையாது.

மதிப்பெண் எங்கே குவிந்திருக்கிறது என்று பாருங்கள். உடற்கூறு, உடலியங்கியல், உயிர்வேதியியல் மூன்றுக்கும் தலா 17. நோயியல், நுண்ணுயிரியல், மருந்தியல் தலா 13. தடயவியல் மருத்துவம் 10. ஆக 100. மீதி 200 மருத்துவமனைப் பாடங்கள்: பொது மருத்துவம் 33, அறுவைச் சிகிச்சை 32, மகப்பேறு 30, சமூக மருத்துவம் 30, குழந்தைகள், கண், காது-மூக்கு-தொண்டை தலா 15, எஞ்சியவை ஐந்து ஐந்தாகச் சிதறிக் கிடக்கின்றன. என் கணிப்பில் பலரைக் கவிழ்ப்பது சமூக மருத்துவம். தடுப்பூசி அட்டவணை, தேசியக் காசநோய்த் திட்டம், ஆரம்பச் சுகாதார நிலையத்தின் அமைப்பு எல்லாம் இந்தியாவுக்கே உரியவை. எந்த வெளிநாட்டுப் பேராசிரியரும் இவற்றைச் சொல்லித் தந்திருக்க மாட்டார். பலரும் கடைசி வாரத்துக்குத் தள்ளிப் போடும் இந்த 30 மதிப்பெண், பொது மருத்துவத்துக்கு ஏறத்தாழச் சமம்.

ஐவரில் ஒருவர், சில பருவங்களில் நால்வரில் ஒருவர் தேறுவது வழக்கம். அதைப் பார்த்து மிரள வேண்டாம். பலமுறை எழுதுபவர்களும் அந்தக் கணக்கில் சேர்ந்தவர்கள்தான். இந்தியக் கல்லூரி மாணவர்களுக்கும் வெளிநாட்டில் படித்தவர்களுக்கும் சேர்த்து நெக்ஸ்ட் என்ற ஒரே தேர்வு வரும் என்று 2019-இன் தேசிய மருத்துவ ஆணையச் சட்டம் சொல்கிறது. 2023-இல் அதற்கான விதிமுறை வந்து, ஜூலையிலேயே தள்ளிவைக்கப்பட்டது. அது நடைமுறைக்கு வரும்வரை எஃப்.எம்.ஜி.இ.தான் வாசல்.

படி 6: மாநிலக் கவுன்சிலும் ஓராண்டுப் பயிற்சியும்

தேர்ச்சிச் சான்றிதழ் கைக்கு வந்ததும் மாநில மருத்துவக் கவுன்சிலில் தற்காலிகப் பதிவுக்கு விண்ணப்பிக்க வேண்டும். தமிழ்நாட்டில் அது சென்னை அரும்பாக்கத்தில் இருக்கும் தமிழ்நாடு மருத்துவக் கவுன்சில். இணையத்தில் வந்த முடிவுப் பக்கம் போதாது, சான்றிதழ் வேண்டும். பிளஸ் 2 முதல் பாஸ்போர்ட் வரை எல்லா மூலச் சான்றுகளும் கேட்கப்படும். கவுன்சில்கள் இப்படித் துருவிப் பார்ப்பதற்குக் காரணம் இருக்கிறது. தகுதித் தேர்வில் தேறாமலேயே பல மாநிலங்களில் பதிவு பெற்றதாக 73 பேர் மீது சி.பி.ஐ. வழக்குத் தொடுத்து, 2022 டிசம்பரில் நாடு முழுவதும் 91 இடங்களில் சோதனை நடத்தியது. அதன் பிறகு சரிபார்ப்புக்கு ஆகும் நாட்கள் கூடிவிட்டன. எரிச்சலாகத்தான் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

தற்காலிகப் பதிவோடு 12 மாதச் சுழற்சிப் பயிற்சி. நம் ஊரில் சி.ஆர்.ஆர்.ஐ. என்றும், பழையவர்கள் வாயில் ஹவுஸ் சர்ஜன் என்றும் வழங்குவது. வெளிநாட்டில் ஏற்கெனவே ஓராண்டு செய்தோமே என்று வாதாடிப் பயனில்லை. புதிய விதியில் அங்கே ஒன்று, இங்கே ஒன்று. வெளிநாட்டுப் பட்டதாரிகளை அனுமதிக்கும் மருத்துவமனைகளில் மட்டும்தான் இதைச் செய்யலாம். ஒரு கல்லூரியின் மொத்த இடங்களில் ஏழரை விழுக்காட்டுக்கு மேல் இவர்களை எடுக்க முடியாது. 100 இடக் கல்லூரியில் ஏழு பேர். அதனால் ஒதுக்கீட்டுக்காகக் காத்திருக்க நேரலாம். சொந்த மாவட்டமே வேண்டும் என்று பிடிவாதம் பிடிப்பவர்கள் அதிகம் காத்திருப்பார்கள்.

பணம் பற்றி இரண்டு விஷயம். இந்தப் பயிற்சிக்குக் கட்டணம் வசூலிக்கக் கூடாது என்று ஆணையம் 2022-இல் அறிவித்தது. இந்தியக் கல்லூரிப் பயிற்சி மருத்துவர்களுக்குக் கொடுக்கும் உதவித்தொகைக்கு இணையாக இவர்களுக்கும் கொடுக்க வேண்டும் என்றும் சொல்லியிருக்கிறது. யாராவது கட்டணம் கேட்டால் ரசீதும், எந்த ஆணையின்படி என்று எழுத்தில் விளக்கமும் கேளுங்கள். குரல் உயர்த்தத் தேவையில்லை, கேட்டாலே போதும்.

அந்த ஓராண்டில் கையெழுத்துப் புத்தகத்தைப் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள். சமூக மருத்துவத்துக்கு மட்டும் 12 வாரம். வேறெந்தத் துறையையும் விட அதிகம். ஒவ்வொரு துறை முடியும்போதும் துறைத் தலைவரின் கையெழுத்தை அன்றே வாங்கிவிட வேண்டும். அவர் மாற்றலாகிப் போன பிறகு தேடி அலைந்தவர்களை எனக்குத் தெரியும்.

படி 7: நிரந்தரப் பதிவு

பயிற்சி முடித்த சான்றோடு அதே கவுன்சிலில் நிரந்தரப் பதிவுக்கு விண்ணப்பித்தால் பதிவு எண் கிடைக்கும். அதுவரை தனியாக மருத்துவம் பார்க்கக் கூடாது. தற்காலிகப் பதிவு, பயிற்சி பெறும் மருத்துவமனைக்குள் மட்டும் செல்லும். மாலையில் மாமாவின் கிளினிக்கில் உட்கார்ந்து ஊசி போடுவது அதில் அடங்காது. பதிவு இல்லாமல் மருத்துவம் பார்த்தால் ஓராண்டு வரை சிறை, ஐந்து லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் என்று 2019 சட்டத்தின் 34-ஆவது பிரிவு சொல்கிறது.

எண் வந்ததும் கிளினிக்கில் அதை வைக்க வேண்டும். மருந்துச் சீட்டிலும், நீங்கள் கொடுக்கும் ஒவ்வொரு சான்றிலும் ரசீதிலும் எழுத வேண்டும். பெயர்ப் பலகைக்கு ஆர்டர் கொடுக்கும்போது ஒன்றைக் கவனியுங்கள். ரஷ்யா, ஜார்ஜியா, பிலிப்பைன்ஸ் போன்ற நாடுகள் தரும் அடிப்படைப் பட்டத்தின் பெயரே "எம்.டி." இங்கே எம்.டி. என்றால் மேற்படிப்பு, உங்கள் பட்டமோ இங்கே எம்.பி.பி.எஸ்.ஸுக்கு இணையானது. கவுன்சில் சான்றிதழில் உங்கள் தகுதி எப்படி எழுதப்பட்டிருக்கிறதோ அப்படியே பலகையிலும் எழுதச் சொல்லுங்கள். வெளிநாட்டுப் பட்டத்தைக் காட்டி "டாக்டர் கார்த்திகேயன், எம்.டி." என்று வரைந்து வைத்திருந்தால், வண்ணம் காய்வதற்குள் அழிக்கச் சொல்லிவிடுங்கள்.